திரைப்படச் சங்கம்: செயலாளரின் ஆண்டறிக்கை

தலைவர் அவர்களுக்கும் நிர்வாகக் குழுவினருக்கும் பொதுக்குழுவுக்கு வந்திருக்கும் உறுப்பினர்களுக்கும் வணக்கம்.

வரவு செலவைப் பொருளாளர் தனியாக வாசிப்பார். நிர்வாகக் குழு வழக்கம்போல் கூடியது, வழக்கம்போல் தாமதமாகத்தான் கலைந்தது. எனவே இந்த ஆண்டு நாம் எடுத்துக்கொண்ட விஷயத்துக்கே நேராக வருகிறேன்: பின்லாந்து இயக்குநர் எரிக் புளோம்பெர்க்.

“பின்லாந்து என்றால் உலகறிந்த இயக்குநர் காவ்ரிஸ்மாக்கி இருக்கிறாரே, ஒரே ஒரு படத்தால் பேசப்படுபவருக்கு ஓர் ஆண்டா?” என்று சென்ற பொதுக்குழுவிலேயே கேட்டார்கள். நியாயமான கேள்விதான். ஆனால் அந்த ஒரு படம் வானத்திலிருந்து குதித்துவிடவில்லை. 1913இல் பிறந்த புளோம்பெர்க் அடிப்படையில் ஒளிப்பதிவாளர். இயக்குநர் நிர்கி தாபியோவாராவின் ‘திருடப்பட்ட மரணம்’ (1938) படத்தைத் தயாரித்து, ஒளிப்பதிவிலும் பங்கெடுத்தவர். தாபியோவாரா 1940 பிப்ரவரியில், பின்லாந்துக்கும் சோவியத் ஒன்றியத்துக்கும் நடந்த குளிர்காலப் போரில் இறந்தார். வயது 28. அவர் பாதியில் விட்டுப்போன ‘ஆணின் வழி’ படத்தை ஹூகோ ஹ்யூத்தோனெனுடன் சேர்ந்து முடித்துக் கொடுத்தவரும் புளோம்பெர்க்தான். தன் பெயரில் முதல் கதைப்படம் எடுக்க அவருக்கு அதன்பிறகும் பன்னிரண்டு ஆண்டுகள் ஆயின.

அதுதான் ‘வெள்ளைக் கலைமான்’ (1952). மனைவி மிர்யாமி குவோஸ்மானெனுடன் சேர்ந்து கதை எழுதினார், கேமராவையும் தானே பிடித்தார். நாயகி பிரித்தாவாக நடித்தவரும் குவோஸ்மானென்தான். புதிதாக மணமானவள், கணவன் கலைமான் மந்தையோடு பனிவெளிக்குப் போய்விடுகிறான். அவன் அன்பைக் கட்டிப்போட மந்திரவாதியிடம் போகிறாள். அப்புறம் நடப்பது வேறு: அவளே வெள்ளைக் கலைமானாக உருமாறி, துரத்திவரும் வேட்டைக்காரர்களை ஆளில்லாப் பள்ளத்தாக்குக்கு இழுத்துப்போய்க் கொல்கிறாள். பனியிலிருந்து கொம்புகள் கொத்துக்கொத்தாக நீட்டிக்கொண்டிருக்க, நடுவே கல் தெய்வம். அதன்முன் கணவன் தந்த வெள்ளைக் கன்றையே அவள் பலிகொடுக்கும் இடத்தில் அரங்கில் ஒரு இருமல்கூட இல்லை. வசனம் மிகக் குறைவு. எய்னார் எங்லுண்டின் இசையும் வெண்மையுமே கதையைச் சொல்லிவிடுகின்றன. இருட்டைக் காட்டிப் பயமுறுத்துவது யாருக்கும் வரும். பட்டப்பகலில், கண் கூசும் பனியில் பயமுறுத்த ஒளிப்பதிவாளன்தான் வேண்டும்.

1953இல் பிரான்சின் கான் திரைப்பட விழாவில், பிரெஞ்சுக் கவிஞரும் இயக்குநருமான ழான் கோக்தோ தலைமையிலான நடுவர் குழு இதற்குப் புராணக்கதைப் படத்துக்கான பரிசைக் கொடுத்தது. 1957இல் சிறந்த வெளிநாட்டுப் படங்களுக்கான கோல்டன் குளோப் விருதுகளில் ஒன்றும் கிடைத்தது.

விவாதத்தில் எழுந்த எதிர்ப்பையும் பதிவுசெய்ய வேண்டும். வடகோடியிலுள்ள லாப்லாந்தின் ‘சாமி’ (Sámi) என்ற பழங்குடியினரைப் பற்றிய கதையில் முக்கிய வேடங்களில் அந்த இனத்தைச் சேராத பின்லாந்துக்காரர்கள். அம்மக்களின் நம்பிக்கையோ வெறும் சூனியமாகச் சுருங்கிவிடுகிறது. படத்தை ரசித்தவர்களாலும் இதை மறுக்க முடியவில்லை. நானும் மறுக்கவில்லை.

அதன்பின் வந்தவை பற்றி அதிகம் சொல்வதற்கில்லை. மரியா யோதுனியின் எழுத்தைத் தழுவி ஒன்று (1954), அலெக்சிஸ் கிவியின் நாடகத்திலிருந்து ‘நிச்சயதார்த்தம்’ (1955), போலந்துடன் கூட்டாக, ஹாரியட் ஆண்டர்சன் நடித்த ‘முதலிரவு’ (1959). குவோஸ்மானென் 1963இல் மறைந்தார், புளோம்பெர்க் 1996இல். முதல் படத்தின் உயரத்தை அவர் மறுபடி எட்டவில்லை என்பது என் கருத்து. அந்த உயரத்தில் பாதி குவோஸ்மானெனுடையது என்றும் நினைக்கிறேன். அறிவிப்புப் பலகையில் அவர் பெயரையும் சேர்த்தே எழுதியிருக்க வேண்டும் என்று ஓர் உறுப்பினர் சொன்னதைக் குழு ஏற்றுக்கொண்டது.

வரும் ஆண்டுக்கு எட்வின் லைனேயின் ‘அறியப்படாத போர்வீரன்’ (1955) முன்மொழியப்பட்டுள்ளது. வைனோ லின்னாவின் நாவலை வைத்து எடுத்த போர்ப்படம். பின்லாந்தில் சுதந்திர தினமான டிசம்பர் 6 அன்று தொலைக்காட்சியில் போடுவார்கள். படம் மூன்று மணி நேரம் ஓடும் என்பதால், அதன் திரையிடலை வழக்கத்தைவிட முன்னதாகத் தொடங்கப் பொதுக்குழுவின் ஒப்புதலைக் கோருகிறேன்.

இப்படிக்கு,
செயலாளர்