பாதுகாப்பு மனுவுக்கு முன் ஒரு ரசீது

ஐயா,

சாதி மறுப்புத் திருமணம் செய்தவர்கள் போலீஸ் பாதுகாப்பு கேட்டு உயர் நீதிமன்றம் செல்வது பற்றிப் பேசும்போது ஒன்றை விட்டுவிடுகிறோம். அரசியல் சட்டம் 226-ஆவது பிரிவின்கீழ் ரிட் மனு (அரசு அதிகாரிகளுக்கு உத்தரவிடக் கோரும் மனு) போடுமுன், காவல்துறைக்கு எழுத்தில் புகார் போயிருக்க வேண்டும். நிலையத்தில் கொடுத்து சி.எஸ்.ஆர். ரசீது (புகார் பெற்றதற்கான ஒப்புகை) வாங்குங்கள், தர மறுத்தால் (மறுப்பதுதான் வழக்கம்) எஸ்.பி.க்கும் சேர்த்து ஒப்புகை வசதியுடன் ஸ்பீட் போஸ்டில் அனுப்புங்கள். அந்த ஒப்புகைதான் சாட்சி. வயதுச் சான்று, திருமணப் பதிவுச் சான்று ஆகியவற்றை இணைப்பதோடு, மிரட்டியது யார், எந்தத் தேதியில், எப்படி என்பதையும் எழுதுங்கள். "உயிருக்கு ஆபத்து" என்ற ஒற்றை வரி போதாது.

உயர் நீதிமன்றத்தில் பெரும்பாலும் கிடைப்பது, போலீஸுக்கு "மனுவைப் பரிசீலிக்கவும்" என்று சொல்லும் உத்தரவுதான். அதன் நகலை ஆய்வாளரிடம் சேர்க்காவிட்டால் அது வெறும் காகிதம்.

ஆணவக் கொலைகள் பற்றிய சக்தி வாஹினி வழக்கில் 2018-இல் உச்ச நீதிமன்றம் மாவட்டந்தோறும் சிறப்புப் பிரிவும் 24 மணி நேர உதவி எண்ணும் அமைக்கச் சொன்னது. அந்த எண்ணை ஒவ்வொரு காவல் நிலைய வாசலிலும் பெரிதாக எழுதி வைக்க என்ன தடை?

நிலத் தகராறில் போலீஸ் பாதுகாப்பு கேட்க இந்த வழி உதவாது. முதலில் உரிமையியல் நீதிமன்றத்தில் தடையுத்தரவு பெறுங்கள். அதை மீறினால், அங்கேயே போலீஸ் உதவி கேட்கலாம்.

– ஒரு வழக்கறிஞர், மதுரை