சித்தி அனுப்பவிருக்கும் நித்திரைக் குளிசை பற்றி

உவர்மலை,
திருகோணமலை.

அன்புள்ள மகனுக்கு,

இரவு வேலை முடிந்து வந்து படுத்தாலும் பகலில் நித்திரை வருவதில்லை என்றும், ரொறன்ரோவிலிருந்து சித்தி மெலடோனின் குளிசைப் போத்தல் ஒன்றை அனுப்பப்போகிறாள் என்றும் எழுதியிருந்தாய். கனடாவில் வைட்டமின்களோடு அடுக்கி வைத்து விற்கும் பொருளுக்கு லண்டனில் மட்டும் வைத்தியரின் மருந்துத் துண்டு கேட்பது என்ன நியாயம் என்று நீ கேட்டதற்கு, ஓய்வுபெறும் வரை மருந்தாளராக இருந்தவன் சும்மா இருக்க முடியுமா?

இரவு வந்ததும் மூளை சுரந்து உடலுக்கு நித்திரை நேரத்தை உணர்த்தும் ஹோர்மோன்தான் மெலடோனின்; அது எங்கும் ஒன்றுதான். எந்தச் சட்டத்தின் கீழ் அதை வைத்தார்கள் என்பதில்தான் நாடுகள் வேறுபடுகின்றன. அமெரிக்காவில் 1994ஆம் ஆண்டுச் சட்டப்படி அது உணவுத் துணைப்பொருளாக விற்கப்படுவதால், விற்பனைக்கு முன் அதன் பயனை அரசுக்கு நிரூபிக்க வேண்டிய கடமை தயாரிப்பாளருக்கு இல்லை. கனடாவில் அது இயற்கை நலப்பொருள். உரிமம் பெற்று, எட்டு இலக்க எண்ணைப் போத்தலில் அச்சிட வேண்டும். பிரித்தானியாவில் அது வைத்தியர் எழுதித்தர வேண்டிய மருந்து. மெதுவாகக் கரையும் 2 மில்லிகிராம் குளிசைக்கு நித்திரையின்மைக்கான அனுமதி 55 வயதும் அதற்கு மேலும் உள்ளவர்களுக்கே கொடுக்கப்பட்டது. அவுஸ்திரேலியா 2021இல் அந்த வயதினருக்கு அதே குளிசையைத் துண்டில்லாமல் மருந்தாளரே கொடுக்கலாம் என்று தளர்த்தியது.

துண்டு கேட்பதை வெறும் கெடுபிடி என்று நான் நினைக்காததற்குக் காரணம், 2017இல் கனடாவின் குவெல்ப் பல்கலைக்கழக ஆய்வாளர்கள் கடைகளில் வாங்கிப் பரிசோதித்த 31 தயாரிப்புகளின் கதை. சிலவற்றில் லேபிளில் சொன்னதைவிட 83 சதவீதம் வரை குறைவாகவும், ஒன்றில் 478 சதவீதம் அதிகமாகவும் மெலடோனின் இருந்தது, 1.5 மில்லிகிராம் என்று நம்பி விழுங்குபவருக்கு அந்தக் கணக்கில் 8 மில்லிகிராமுக்கு மேல் போய்ச் சேரும். எட்டுத் தயாரிப்புகளில், லேபிளில் பேச்சே இல்லாத செரட்டோனின் என்ற, நரம்புகளுக்கிடையே செய்தி கடத்தும் இரசாயனமும் கலந்திருந்தது. உரிம எண் கேட்கும் நாட்டிலேயே இப்படி என்றால், எண்ணை மட்டும் பார்த்து எப்படி நம்புவது?

அதற்காகப் பிரித்தானியர் எல்லாவற்றையும் சரியாகச் செய்கிறார்கள் என்றும் எண்ணாதே. நைட்டோல் என்ற பெயரில் அங்கே பாமசியில் துண்டில்லாமல் விற்கப்படும் டைஃபென்ஹைட்ரமினை, அதாவது தூக்கம் வரவைக்கும் பழைய ஒவ்வாமை மருந்தை, நான் மெலடோனினைவிட அதிகமாக அஞ்சுகிறேன். முதியவர்களுக்கு அது வாயை உலரவைத்து, சிறுநீரைத் தடுத்து, புத்தியைக் குழப்பக்கூடியது. அதே வகையைச் சேர்ந்த, தடிமலுக்குக் கொடுத்த குளிசையை நித்திரைக்காக இரவில் போட்டுக்கொள்ளும் பழக்கம் நம்மூர்ப் பெரியவர்களிடமும் உண்டு; சொன்னால் கேட்கமாட்டார்கள்.

பதற்றத்துக்கும் நித்திரைக்கும் வைத்தியர்கள் எழுதும் டயசிபம், சொல்பிடெம் போன்றவை வேறு வகை. மனத்தைப் பாதிக்கும் மருந்துகளைக் கட்டுப்படுத்தும் 1971ஆம் ஆண்டு ஐக்கிய நாடுகள் உடன்படிக்கையின் கீழ் வரும் மருந்துகள் இவை. டயசிபத்தைப் பூட்டிய அலுமாரியிலிருந்து எடுக்கும்போதெல்லாம் நோயாளியின் பெயரையும் கொடுத்த எண்ணிக்கையையும் பதிவேட்டில் எழுதி, மீதியை எண்ணிப் பார்த்துக் கையொப்பமிடுவோம். ஒரு குளிசை குறைந்தாலும் அன்று வீட்டுக்குப் போக முடியாது. அளவு விஷயத்திலும் இவை பொல்லாதவை. சொல்பிடெம் பெண்களின் உடலிலிருந்து மெதுவாகவே வெளியேறி, மறுநாள் காலை வாகனம் ஓட்டும்போது ஆபத்தாகலாம் என்று கண்ட அமெரிக்க மருந்து நிர்வாகம், 2013இல் அவர்களுக்கான சாதாரண அளவை 10 மில்லிகிராமிலிருந்து 5 ஆகக் குறைக்கச் சொன்னது. வைத்தியர் உனக்கு இவற்றில் எதையாவது எழுதினால், விடுமுறைக்கு வரும் வழியில் துபாயில் அக்கா வீட்டில் தங்குவதற்கு முன் அந்நாட்டு அனுமதியை இணையத்தில் பெற்றுக்கொள். கட்டுப்படுத்தப்பட்ட மருந்துகளை முன்அனுமதி இல்லாமல் கொண்டுபோவது அங்கே குற்றமாகிவிடும்.

இப்போதைக்கு உன் குடும்ப வைத்தியரிடம் நேரம் எடுத்து, வேலை எத்தனை மணிக்கு முடிகிறது, காரில்தான் வீடு திரும்புகிறாயா, வேறு என்ன மருந்து எடுக்கிறாய் என்பவற்றை மறைக்காமல் சொல். மன அழுத்தத்துக்குக் கொடுக்கும் ஃப்ளுவொக்சமின் போன்ற சில மருந்துகள் இரத்தத்தில் மெலடோனினைப் பல மடங்கு கூட்டிவிடும் என்பதால் கடைசிக் கேள்வி முக்கியம். போத்தலை அனுப்ப வேண்டாம் என்று சித்திக்கு நானே தொலைபேசியில் சொல்லிவிடுகிறேன். அவள் கோபித்துக்கொண்டால் பழியை என் தலையில் போடு.

அன்புடன்,
அப்பா