கேட்டுக்கு வெளியே நிற்பவர்கள்

அன்புள்ள செந்திலுக்கு, அம்மா எழுதுவது.

பாஸ்போர்ட் உன் கையில் இருக்கிறதா, இல்லை எண்ணெய் வயல் கேம்ப் ஆபீஸில் வாங்கி வைத்துக்கொண்டார்களா? போன தடவையும் கேட்டேன், நீ பேச்சை மாற்றிவிட்டாய். ஒரு ஜெராக்ஸாவது பெட்டிக்குள் இருக்கட்டும். போட்டோ எடுத்து அக்காவுக்கும் அனுப்பி வை. குழாய்த் தண்ணீரில் வாய்கூடக் கொப்பளிக்காதே. 2018 கோடையில் நீ இருக்கிற இராக்கின் பஸ்ராவில் அந்தத் தண்ணீரால் ஒரு லட்சம் பேருக்கு மேல் வயிற்றுப்போக்கோடு ஆஸ்பத்திரிக்குப் போனார்கள். அந்த ஊர் ஆறான ஷத்துல் அரபில் மேலேயிருந்து வரும் நீர் குறைந்து, கடல் உப்பு உள்ளே ஏறி, சாக்கடையும் கலந்துவிட்டது. ராத்திரியில் ரோட்டில் போகாதே.

இங்கே எல்லாரும் நலம். அப்பாவுக்கு சுகர் பரவாயில்லை. மாடிக்குக் கைப்பிடிச் சுவர் வைத்தாயிற்று. சித்தி மகள் வளைகாப்பு பற்றி அக்கா சொல்லியிருப்பாள்.

கொஞ்ச நாளாக நீ போன் பண்ணுவதில்லை. நான் எது அனுப்பினாலும் கட்டைவிரல் மட்டும் வருகிறது. வேலை அதிகம் என்று அப்பாவிடம் சொல்லி வைத்திருக்கிறேன். கடைசியாகப் பேசியபோது, உள்ளூர்ப் பையன்கள் வேலை கேட்டு கேட் முன்னால் உட்கார்ந்துவிட்டார்கள், பஸ் உள்ளே போக முடியவில்லை என்று சொன்னாய். அப்புறம், "இவனுங்களுக்கு அடிச்சாத்தான்மா புரியும், சதாம் இருந்தப்ப இப்படியா நடந்திருக்கும்" என்றாய். நான் பதில் சொல்வதற்குள் லைன் போய்விட்டது. மறுபடி கூப்பிட்டிருந்தாலும் "சரிம்மா, சரிம்மா" என்றுதான் சொல்லியிருப்பாய். அதனால் எழுதுகிறேன்.

சதாம் உசேன் ஆண்டபோது என்ன நடந்தது என்று அங்கே வயதானவர் யாரையாவது மரியாதையாகக் கேள். 1991 மார்ச்சில், குவைத்திலிருந்து தோற்றுத் திரும்பிய சிப்பாய்கள் பஸ்ராவில்தான் முதலில் எதிர்த்துக் கிளம்பினார்கள். சதாம் ஹெலிகாப்டரும் டாங்கியும் அனுப்பி அதை நசுக்கினான். தெற்கில் செத்தவர்கள் பல்லாயிரம் பேர். தப்பியவர்கள் ஒளிந்துகொள்ள இடம் இருக்கக்கூடாது என்று சதுப்பு நிலத்துத் தண்ணீரையே வடித்துவிட்டான். நாணல் வீடு கட்டி எருமை வளர்த்தவர்கள் ஊரைவிட்டே போனார்கள். உன் கேட்டில் உட்கார்ந்த பையன்களின் அப்பாக்கள் அந்தத் தலைமுறை. அடித்தால் புரியும் என்றால், அவர்களுக்கு எப்போதோ புரிந்திருக்க வேண்டும்.

அதற்கு முன்னாலும் அடிதான். இன்றைய இராக்கான மோசுல், பாக்தாத், பஸ்ரா என்ற மூன்று மாகாணங்களும் ஏறத்தாழ நானூறு வருஷம் துருக்கி சுல்தானின் கையில் இருந்தன. 1858 நிலச் சட்டத்துக்குப் பிறகு, குலத்துக்குப் பொதுவாக இருந்த நிலம் பல இடங்களில் ஷேக்குகளின் பெயரில் பட்டாவானது. உழுதவன் அவர்களிடம் குத்தகைக்காரன் ஆனான். வெள்ளைக்காரன் வந்தபோதும் அந்த ஷேக்குகளைப் பிடித்துக்கொண்டுதான் ஆட்சி நடத்தினான்.

வந்தது யார் படை தெரியுமா? முதல் உலகப் போரில், 1914 நவம்பரில், இராக்கின் தென்முனையான ஃபாவ் கரையில் இறங்கி, அந்த மாதமே பஸ்ராவைப் பிடித்தது பம்பாயிலிருந்து கப்பலேறிய இந்தியப் படை. பாலமும் ரோடும் போடுகிற நம் மதராஸ் சேப்பர்களும் அந்தப் போரில் இருந்தார்கள். 1917 மார்ச்சில் பாக்தாத்தைப் பிடித்த ஜெனரல் மாட், நாங்கள் வெல்ல வந்தவர்கள் அல்ல, விடுவிக்க வந்தவர்கள் என்று அறிக்கை விட்டார். மூன்று வருஷம் கழித்து, 1920 ஏப்ரலில், போரில் வென்ற நாடுகள் சான் ரெமோ என்ற இத்தாலிய ஊரில் உட்கார்ந்து இராக்கை பிரிட்டனின் பொறுப்பில் விட்டார்கள். இராக்கியர் ஒருவரையும் கேட்கவில்லை.

அந்த வருஷத்தைப் பற்றி உனக்குக் கொஞ்சம் விவரமாகச் சொல்ல வேண்டும். ஷியாவும் சுன்னியும் எப்போதும் வெட்டிக்கொள்வார்கள் என்று நீயும் ஒரு தடவை சொன்னாய். 1920-ல் பாக்தாத் மசூதிகளில் இரண்டு பேரும் சேர்ந்து கூடினார்கள். சுன்னிகளின் நபி பிறந்தநாள் பாடலும் ஷியாக்களின் கர்பலா ஒப்பாரியும் ஒரே கூட்டத்தில் பாடினார்கள். ஜூன் கடைசியில் ருமைத்தா என்ற சின்ன ஊரில் ஒரு ஷேக்கைப் பிடித்து அடைத்தார்கள். அவருடைய ஆட்கள் வந்து மீட்டுக்கொண்டு போனார்கள். அங்கிருந்து யூப்ரடீஸ் கரை முழுக்கப் பற்றிக்கொண்டது. அதை அணைக்கவும் இந்தியாவிலிருந்துதான் கூடுதல் படை போனது. இராக்கியர் 6,000 முதல் 10,000 பேர் வரை செத்தார்கள் என்கிறார்கள். வெள்ளைக்காரச் சிப்பாயும் நம் சிப்பாயுமாக ஐந்நூறு பேர் அளவில் போனார்கள்.

மறுவருஷம் ஆகஸ்டில் ஃபைசல் என்ற இளவரசரை அரேபியாவிலிருந்து கொண்டுவந்து ராஜாவாக உட்கார வைத்தார்கள். தரைப்படைக்குச் செலவு அதிகம் என்று 1922-லிருந்து பாதுகாப்பை விமானப்படையிடம் கொடுத்தார்கள். வரி கட்டாத கிராமத்துக்கு மேலேயிருந்து குண்டு விழுந்தது. 1932-ல் தினார் வரும்வரைக்கும் அங்கே புழங்கியது நம் ரூபாய்தான். அதே வருஷம் சுதந்திரம் என்றார்கள், ஆனால் பஸ்ரா பக்கத்து ஷைபாவிலும், பின்னால் பாக்தாத்துக்கு மேற்கே ஹப்பானியாவிலும் பிரிட்டிஷ் விமானத்தளங்கள் இருந்தன. 1941-ல் அரசாங்கம் எதிர்த்தவுடனே இந்தியப் படை மறுபடி பஸ்ராவில் இறங்கியது. குற்றம் எல்லாமே வெளியிலிருந்து வந்தது என்று நான் சொல்ல மாட்டேன். அந்தச் சண்டை முடிந்த ஜூன் முதல் இரண்டு நாளில் பாக்தாத் கும்பல் சொந்த ஊர் யூதர்களைக் கொன்று வீடு புகுந்து கொள்ளையடித்ததும் நடந்ததுதான்.

எண்ணெய் உன் விஷயம், எனக்கு அதன் கணக்கு மட்டும் தெரியும். சான் ரெமோவில் உள்ளூருக்கு 20 சதவீதம் வரை பங்கு உண்டு என்று எழுதினார்கள். 1925-ல் 75 வருஷ உரிமம் எழுதும்போது அது காணாமல் போனது. பிரிட்டிஷ், டச்சு, பிரெஞ்சு, அமெரிக்கக் கம்பெனிகள் ஆளுக்கு 23.75 சதவீதம் எடுத்துக்கொண்டன. பேரம் முடித்துக் கொடுத்த குல்பென்கியனுக்கு 5. கூட்டிப் பார், இராக்குக்கு மிச்சம் ஒன்றுமில்லை. டன்னுக்கு நாலு தங்க ஷில்லிங் கொடுத்தார்கள், அவ்வளவுதான். 1958-ல் ராஜாவை வீழ்த்திய ராணுவ அதிகாரி காசிமின் அரசு 1961-ல் 80-ஆம் எண் சட்டம் போட்டு, தோண்டாமல் கிடந்த 99.5 சதவீத நிலத்தைத் திரும்ப எடுத்தது. நீ வேலை பார்க்கிற ருமைலாவின் வடபகுதியும் அதில் சேர்ந்தது. 1972-ல் அவர்கள் சேர்ந்து நடத்திய இராக் பெட்ரோலியம் கம்பெனியையே நாட்டுடைமை ஆக்கினார்கள். அன்றைக்குத் தெருவில் ஆடியவர்களின் பேரப்பிள்ளைகள், அதே எண்ணெய் வயலின் கேட்டில் வேலை கேட்டு நிற்கிறார்கள். உன் தாத்தா எதற்கு மில் வாசலில் உட்கார்ந்தார் என்று உனக்கு நான் சொல்ல வேண்டுமா?

2003-ல் அமெரிக்கப் படை வந்தபோது நீ சின்னப் பையன், டிவியில் சதாம் சிலை விழுந்ததைப் பார்த்துக் கைதட்டினாய். எண்ணெய் அமைச்சகத்துக்குக் காவல் போட்டார்கள், மியூசியம் கொள்ளை போனது. மே மாதம் ஒரே உத்தரவில் ராணுவத்தைக் கலைத்து லட்சக்கணக்கானவர்களை துப்பாக்கியோடு வீட்டுக்கு அனுப்பினார்கள். ஜூலையில் ஆட்சிக்குழு அமைத்தபோது, ஷியா 13, சுன்னி 5, குர்து 5, துர்க்மென் 1, அசிரியர் 1 என்று இடம் பிரித்தார்கள். அதற்குப் பிறகு வேலை வேண்டுமென்றால் ஏதாவது ஒரு பிரிவின் கட்சிக்காரனைப் பிடிக்க வேண்டும் என்று ஆயிற்று. 2019 அக்டோபரில் பாக்தாத்திலும் நாசிரியாவிலும் பஸ்ராவிலும் பையன்கள் அதை எதிர்த்துத்தான் தெருவுக்கு வந்தார்கள். எங்களுக்கு ஒரு நாடு வேண்டும் என்று எழுதிப் பிடித்தார்கள். ஏறத்தாழ 600 பேரைச் சுட்டுக் கொன்றார்கள்.

உன்னைத் திட்டுவதற்கு எழுதவில்லை. நம் வீட்டில் முதலில் கடல் தாண்டியவன் நீ, அதில் எனக்கு எவ்வளவு பெருமை என்று தெருவே சொல்லும். வேலை பிடிக்கவில்லை என்றால் திரும்பி வா என்று சொல்லத்தான் ஆசை. வீட்டுக் கடன் பாக்கியை நினைத்து வாயை மூடிக்கொள்கிறேன். அதற்கு நீ அங்கே கல்லாகிப் போனால், இந்த வீட்டை வைத்துக்கொண்டு நான் என்ன செய்வேன்?

நாசிரியா போகிற ரோட்டில் முதல் உலகப் போர் நினைவு மண்டபம் ஒன்று இருக்கிறது. நாற்பதாயிரம் பேருக்கு மேல் அதில் நினைக்கப்படுகிறார்கள். வெள்ளைக்காரச் சிப்பாய்க்குப் பெயர் உண்டு. இந்தியச் சாதாரணச் சிப்பாய்க்கு ரெஜிமென்ட் பெயரும், இத்தனை பேர் என்று ஒரு எண்ணும்தான். அந்தப் பக்கம் போனால் பார்த்து வா என்று எழுத வந்தேன். வேண்டாம், போகாதே, ரோடு நல்லதில்லை என்கிறார்கள். கேம்பிலேயே இரு. பாட்டில் தண்ணீரே குடி.

செந்தில், அன்றைக்கு கேட்டில் என்ன நடந்தது? அடிச்சாத்தான் புரியும் என்று நீ சும்மா சொல்கிற பிள்ளை இல்லை. செக்யூரிட்டி ஆட்கள் யாரையாவது அடித்தார்களா? சுட்டார்களா? உன் கண் முன்னாலா? அதனால்தான் பேசாமல் இருக்கிறாயா? அப்பாவுக்குக் காட்ட மாட்டேன், எனக்கு மட்டும் எழுது.

அம்மா