பின்னணிக் குரல் சேர்க்கச் சொல்லாதீர்கள்: ஆவணப்படத் தேர்வுக் குழுவுக்கு ஒரு திறந்த மடல்

மதிப்பிற்குரிய குழுவினருக்கு,

வணக்கம். காஞ்சிபுரத்து நெசவுக் குடும்பத்தைப் பற்றிய எங்கள் படத்தைத் திருப்பி அனுப்பிய விவரம் உங்களுக்கே தெரியும், அதனால் நேராக விஷயத்துக்கு வருகிறேன். பின்னணிக் குரலும் இசையும் சேர்க்க வேண்டும், பாவு, அதாவது தறியில் நீளவாக்கில் ஓடும் நூல்களைப் பிணைக்கும் காட்சியை அரை நிமிடமாகக் குறைக்க வேண்டும், அதுவரை படத்துக்கான பணத்தில் கடைசித் தவணை கிடையாது என்கிறீர்கள். அந்த நிபந்தனையை விலக்கிக்கொள்ளுங்கள்.

அந்தக் காட்சியைக் குழுவில் எத்தனை பேர் முழுசாகப் பார்த்தீர்கள்? தறியில் முடியப்போகிற பாவின் நுனியோடு புதுப் பாவை இழை இழையாகச் சேர்த்து, விரலால் சாம்பலைத் தொட்டுத் தொட்டு முறுக்கிக்கொண்டே போகிறார் அந்த அம்மா. ஆயிரக்கணக்கான இழைகள். உள்ளே குக்கர் விசில் அடிக்கிறது, பையன் நோட்டு வாங்கக் காசு கேட்கிறான், நிமிராமலே பதில் சொல்கிறார். அப்புறம் முதலாளி வீட்டு ஆள் வாசலில் நின்றபடியே, பேசின கூலி இந்தத் தடவை வராது என்று சொல்லிவிட்டுப் போகிறார். அந்த அம்மா வாயே திறக்கவில்லை. விரல் மட்டும் ஒரு கணம் நிற்கிறது, பிறகு அடுத்த இழையைத் தேடுகிறது. அதற்கு முன் ஏழு நிமிடம் அந்த விரல் ஓடியதைப் பார்த்தவருக்குத்தான் அது நின்றது தெரியும். அந்த இடத்தில் "நெசவாளர் வாழ்வு கேள்விக்குறியாகிறது" என்று ஒரு கம்பீரக் குரல் வந்தால் விரலை யார் பார்ப்பார்கள்?

குரல் இல்லாவிட்டால் பார்வையாளருக்குப் புரியாது என்கிறீர்கள். அமெரிக்காவில் ஃப்ரெடரிக் வைஸ்மன் என்ற ஆவணப்பட இயக்குநர், மாசசூசெட்ஸ் மாநில அரசு குற்றவாளி மனநோயாளிகளை அடைத்து வைத்திருந்த மருத்துவமனைக்குள் படம் எடுத்தார். 1967இல் வந்த அந்தப் படத்தில் விளக்கக் குரல் கிடையாது, பேட்டி கிடையாது. ஆனாலும் அது என்ன சொல்கிறது என்று அரசுக்கு நன்றாகவே புரிந்தது, நீதிமன்றத்துக்குப் போனது, 1991 வரை பொதுமக்கள் பார்க்க முடியாமல் தடை இருந்தது. நம் ஊர் ஜனங்களுக்கு மட்டும் புரியாதா?

குரல் வைத்து விளக்குகிற இந்தப் பழக்கம் நம்மிடம் ரொம்பப் பழசு. 1948இல் மத்திய அரசு படம் தயாரிக்க ஃபிலிம்ஸ் டிவிஷனைத் தொடங்கிய பிறகு, தியேட்டரில் படத்துக்கு முன்னால் கட்டாயமாக ஓடிய செய்திப்படங்களில் அணையையும் அறுவடையையும் ஒரு குரல்தான் நமக்காகப் பார்த்துச் சொன்னது. இப்போது தொலைக்காட்சியில் ஏழை முகம் வந்தாலே சோகப் புல்லாங்குழல் வைத்துவிடுகிறார்கள். ஒரு மனுஷி வேலை செய்கிற சத்தத்தைக்கூட நம்பாமல் அதை மூடி வைப்பது அவமரியாதை, அதைச் செய்ய எனக்கு மனசு வரவில்லை.

கோபத்தில் அதிகம் பேசியிருந்தால் பொறுத்துக்கொள்ளுங்கள். கேட்பது ஒன்றுதான்: பின்னணிக் குரல் கட்டாயம் என்ற நிபந்தனையை, எங்களுக்கு மட்டுமல்ல, அடுத்து வருகிறவர்களுக்கும் எடுத்துவிடுங்கள். படத்தை இருக்கிறபடியே, எல்லோரும் சேர்ந்து உட்கார்ந்து ஒருமுறை பாருங்கள். பிறகும் பிடிக்கவில்லை என்றால் நிராகரியுங்கள், அது உங்கள் உரிமை. தவணையை மட்டும் தயவுசெய்து இந்த மாதமே விடுவியுங்கள், ஒலிப்பதிவு செய்த தம்பிக்கு இன்னும் சம்பளம் பாக்கி இருக்கிறது.

நன்றியுடன்,
படத்தின் இயக்குநர்