கோப்பையை அனுப்பி வை

பழங்காநத்தம், மதுரை.

அன்பு மகள் கயல்விழிக்கு,

ஞாயிற்றுக்கிழமை இரவு நீ போனை வைத்ததிலிருந்து எனக்குச் சரியாகத் தூக்கம் பிடிக்கவில்லை. செட்டிபாளையம் டிராக்கில் கார் பந்தயத்தில் மூன்றாவதாக வந்திருக்கிறாய். "முன்னால் போன இரண்டு பேர் மோதிக்கொண்டதால் கிடைத்த இடம், யாரிடமும் சொல்லாதீர்கள் அப்பா" என்கிறாய். அதைக் கேட்டுத்தான் எனக்கு மனம் ஆறவில்லை, தாயி.

2005 ஜூன் 19. உனக்கு அப்போது விவரம் தெரியாத வயது. நள்ளிரவில் நானும் உன் பெரியப்பாவும் டிவி முன்னால் உட்கார்ந்திருந்தோம். அமெரிக்காவில் இண்டியானாபோலிஸில் ஃபார்முலா ஒன் கார் பந்தயம். அந்த டிராக்கின் 13-ஆவது வளைவு சாய்வாக இருக்கும். வேகத்தில் திரும்பும்போது பாரம் முழுவதும் டயரின் பக்கச்சுவரில் விழும். மிஷலின் கம்பெனி டயர் அதைத் தாங்கவில்லை. வெள்ளிக்கிழமைப் பயிற்சியிலேயே ரால்ஃப் ஷூமாக்கர் என்ற வீரர் அங்கே மோதினார். பந்தயத்தன்று தொடக்கத்துக்கு முந்தைய முன்னோட்டச் சுற்று வந்ததும் மிஷலின் போட்ட 14 கார்களும் பந்தயத்தில் ஓடாமல் உள்ளே திரும்பிவிட்டன. பிரிட்ஜ்ஸ்டோன் டயர் போட்ட ஆறுதான் மிச்சம். அதில் ஜோர்டான் என்ற அணியின் ஒரு காரில் நம் நரேன் கார்த்திகேயன்.

அவர் நான்காவதாக வந்தார். ஃபார்முலா ஒன்னில் இந்தியர் ஒருவர் எடுத்த முதல் புள்ளிகள், ஐந்து. "ஆறு கார்தானே ஓடியது" என்று மறுநாள் நம் மெக்கானிக் பட்டறைக்கு வந்தவர்கள் பேசினார்கள். எனக்குக் கோபம் வந்தது. அந்த வருடம் பந்தயத்தின் நடுவே டயர் மாற்ற விதி இடம் தரவில்லை. ஒரே செட் டயரில் 72 சுற்று ஓட்டினார். வண்டியை எங்கும் இடிக்காமல், டயரைத் தேய்த்துத் தீர்த்துவிடாமல் கொண்டுவந்து சேர்த்தது அவர் கைதானே? அந்த ஆறு பேரில் ஒருவராக நிற்பதற்குப் பின்னால் எத்தனை வருடம்! 1992-ல், பதினைந்து வயதில், பிரான்சுக்குப் பந்தயப் பள்ளியில் படிக்கப் போனவர் அவர். தந்தை தேசிய ராலி கார் பந்தயச் சாம்பியன், வீட்டில் வசதியும் இருந்தது, உண்மைதான். ஆனால் ஸ்டீயரிங்கை அவருக்காக வேறு யாரும் பிடிக்கவில்லை.

அதற்குப் பிறகு ஃபார்முலா ஒன்னில் அவருக்குப் புள்ளியே கிடைக்கவில்லை. அப்படியும் விடவில்லை. 2007-ல் சீனாவின் ஜூஹாயில், நாடுகள் அணிகளாக மோதும் ஏ1 கிராண்ட் பிரி பந்தயத்தில் வென்றார். 2019 நவம்பரில், 42 வயதில், ஜப்பானின் ஃபுஜி டிராக்கில் ஒரு கார் பந்தயத்தில் வென்றார். அந்தப் பதினான்கு வருடத்தை நினைத்தால் எனக்கு இப்போதும் சிலிர்க்கிறது.

உனக்குப் பத்து வயது இருக்கும். பள்ளி விட்டதும் பட்டறை முக்காலியில் உட்கார்ந்து, எஞ்சினிலிருந்து கழற்றிப் போட்ட ஸ்பார்க் பிளக்குகளை உப்புத்தாளால் தேய்ப்பாய். முனை கரியாக இருந்தால் பெட்ரோல் அதிகம், வெளுத்திருந்தால் குறைவு, செங்கல் பொடி நிறம் என்றால் எஞ்சின் நன்றாக இருக்கிறது என்று சொல்லிக் கொடுத்தேன். ஒருநாள் நான் சரி என்று ஒதுக்கிய பிளக்கை எடுத்து, "இல்லை அப்பா, ஓரத்தில் வெளுப்பு" என்றாய். வெளிச்சத்தில் பிடித்துப் பார்த்தேன். நீ சொன்னது சரி. அந்தக் கண்தான் ஞாயிற்றுக்கிழமை அந்த மோதலை முன்கூட்டியே பார்த்து ஒதுங்கியிருக்கிறது. முன்னால் போன இருவருக்குப் பின்னால் வந்தவர்களில் வேறு யாரும் உன்னைத் தாண்டவில்லையே.

அலமாரியில் கிரீஸ் டப்பாக்களை எடுத்துவிட்டு இடம் ஒதுக்கிவிட்டேன். கோயம்புத்தூரிலிருந்து வரும் எந்த பஸ்ஸிலாவது கோப்பையைக் கொடுத்துவிடு, ஆரப்பாளையத்தில் நான் வாங்கிக்கொள்கிறேன். அன்று ஓட்டிய காரின் நான்கு பிளக்குகளையும் கேட்டு வாங்கித் துணியில் சுற்றிக் கூடவே அனுப்பு. துடைத்துவிடாதே. நிறத்தைப் பார்க்க வேண்டும்.

அன்புடன்,
அப்பா