மலையில் இருக்கும் உறவு: டாகுப்பனிலிருந்து ஒரு கடிதம்

டாகுப்பன், பிலிப்பைன்ஸ்
பிப்ரவரி 16

அன்புள்ள நண்பனுக்கு,

உன் கடிதம் கிடைத்தது. பருவம் தப்பிப் பெய்த மழையில் வேதாரண்யத்து உப்புப் பாத்திகள் கரைந்துபோன செய்தியைப் படித்து வருந்தினேன். நான் இங்கே வந்து ஆறு வாரம் ஆகிறது. மருத்துவம் படிக்கும் மகளோடு இருக்கலாம் என்று வந்தேன்; அவளோ காலையில் ஏழு மணிக்குக் கிளம்பினால் விளக்கு வைத்த பிறகுதான் திரும்புகிறாள். பகல் முழுவதும் எனக்கு வேலையில்லை. சிதம்பரத்தில் நாம் மொழியியல் படித்த காலத்துப் பழைய நோய் மறுபடியும் பற்றிக்கொண்டது. நோட்டும் பேனாவுமாகச் சந்தைக்குப் போய்ச் சொல் கேட்டு எழுதிக்கொண்டு வருகிறேன்.

லூசோன் தீவின் மேற்குக் கரையில், லிங்காயென் வளைகுடாவை ஒட்டிய இந்த மாகாணத்துக்கும் இதன் மொழிக்கும் பங்காசினான் என்ற ஒரே பெயர்தான். உப்பள ஊர்க்காரனான உனக்கு அந்தப் பெயர் பிடிக்கும். ‘ஆசின்’ என்றால் உப்பு. முன்னும் பின்னும் ஒட்டுகள் சேர்ந்து ‘உப்பு விளைவிக்கும் இடம்’ என்று பொருள் தருகிறது. இந்த ‘ஆசின்’ இங்கே மட்டும் வழங்கும் சொல் அன்று. தலைநகரத்து மொழியான தகாலோக்கிலும் உப்புக்கு இதே சொல்தான். மலாயில் ‘மாசின்’ என்றால் உப்புக்கரிப்பது. இந்தியப் பெருங்கடலின் மறுகோடியில் இருக்கும் மடகாஸ்கரில் கடலுக்கு ‘ரனுமசினா’ என்று பெயர். உப்பு நீர் என்பதே அதன் பொருள். அதில் முன்னே நிற்கும் ‘ரனு’ என்பது இங்கே ‘டனும்’ என்று வழங்கும் தண்ணீரேதான். நாங்கள் தங்கியிருக்கும் வீட்டின் உரிமையாளரான வீட்டுக்காரம்மாள் குடத்தைக் காட்டி ‘டனும்’ என்றபோது, ஆப்பிரிக்கக் கரையோரத்துச் சொல் ஒன்றை லூசோன் சமையலறையில் கேட்கிறோமே என்று எனக்கு மெய்சிலிர்த்தது. தகாலோக் இந்த இடத்தில் பழைய சொல்லைக் கைவிட்டு ‘துபிக்’ என்கிறது.

சென்ற வாரம் சந்தையில் கண்ட ஒரு காட்சியைச் சொல்ல வேண்டும். பெங்கெட் மலையிலிருந்து முட்டைக்கோஸ் ஏற்றிக்கொண்டு வந்த லாரியின் ஓட்டுநருக்கும் காய்கறிக் கடைக்காரப் பெண்ணுக்கும் விலைப் பேரம் நடந்துகொண்டிருந்தது. ஓட்டுநர் அந்த மலையைச் சேர்ந்த இபாலோய் இனத்தவர். அவளோ இந்த ஊரிலேயே பிறந்து வளர்ந்த பங்காசினான்காரி. இருவரும் பேசியது இலோக்கானோ. வடக்கு லூசோன் முழுவதற்கும் அதுதான் பொதுமொழி என்பதால் அங்கே யாருக்கும் இதில் வியப்பில்லை. பேரம் முடியட்டும் என்று காத்திருந்து, உங்கள் மொழியில் தண்ணீருக்கு என்ன பெயர் என்று அவரிடம் கேட்டேன். ‘ஷனும்’ என்றார். கடைக்காரி சிரித்துவிட்டாள். “நாங்கள் டனும் என்கிறோம், இவர் பல் இல்லாதவர் மாதிரிச் சொல்கிறார்” என்றாள். இபாலோயில் பழைய ‘ட’ சொல்லின் முதலில் ‘ஷ’ அல்லது ‘ச’ ஆகிவிட்டது என்ற ஒலிமாற்ற விதியை அவளைவிடச் சுருக்கமாகச் சொல்ல யாராலும் முடியாது.

அந்த இருவருக்கும் தெரியாத செய்தி ஒன்று உண்டு. பங்காசினானுக்கு மிக நெருங்கிய உறவு அந்த ஓட்டுநரின் மொழிதான். இரண்டும் கோர்டிலேரா மலைத்தொடர் மொழிகளின் தெற்குக் கிளையைச் சேர்ந்தவை; பெங்கெட்டில் வழங்கும் கராவோவும் அதற்கு அப்பால் உள்ள கல்லஹானும் அதே கிளையின் உறுப்பினர்கள். ஹவாய்ப் பல்கலைக்கழகத்தின் லாரன்ஸ் ரீட் இந்த மலைமொழிகளை ஒப்பிட்டுக் கிளைகளை வரையறுத்தவர்களில் முதன்மையானவர். சமவெளியில் தோளோடு தோள் உரசி நிற்கும் அண்டை மொழிகளின் கதை வேறு. இலோக்கானோ அதே வடலூசோன் குடும்பத்தில் தனிக் கிளை. தெற்கே உள்ள கபம்பங்கான் வேறு குடும்பம். தகாலோக் இன்னும் தள்ளி, செபுவானோவோடு சேரும் மத்திய பிலிப்பைன் மொழி. இந்த மாகாணத்தின் மேற்குமுனையில் உள்ள பொலினாவோ ஊரின் மொழிகூடப் பங்காசினானின் கிளைமொழி அன்று. அது சம்பால் மொழிகளின் கூட்டத்தைச் சேர்ந்தது. பக்கத்து வீட்டுக்காரர் உறவினர் ஆகிவிடமாட்டார் என்று நம் பேராசிரியர் வகுப்பில் சொன்னபோது நாம் தலையாட்டினோம். அதைச் சந்தையில் நின்று பார்ப்பது வேறு அனுபவம். மலைக்காரர்கள் பெங்கெட்டுத் தங்கத்தைக் கொண்டுவந்து இந்தக் கரையின் உப்போடு மாற்றிக்கொண்ட வாணிகம் ஸ்பானியர் காலத்துக்கும் முந்தியது. ஆகவே கரைக்கும் மலைக்கும் போக்குவரத்து அறுந்ததே இல்லை. மொழிகள் மட்டும் பிரிந்து போயிருக்கின்றன.

உனக்குப் பிடித்த ஒலியொப்புமைக்கு வருகிறேன். இந்த மொழிகளுக்கெல்லாம் மூலமொழியான தொல் ஆஸ்ட்ரோனேசியத்தில் தொண்டையில் உருண்டு வந்த ரகரம் ஒன்று இருந்திருக்க வேண்டும் என்று அறிஞர்கள் கருதுகிறார்கள். அது இலோக்கானோவில் ‘ர’ ஆகவும், தகாலோக்கில் ‘க’ ஆகவும், பங்காசினானில் ‘ல’ ஆகவும் மாறியிருக்கிறது. இரவுக்கு இலோக்கானோவில் ‘ரபீ’, தகாலோக்கில் ‘கபி’, இங்கே ‘லபி’. இரத்தத்துக்கு மலாயில் ‘டாரா’, இலோக்கானோவில் ‘டாரா’, கபம்பங்கானில் ‘டாயா’, இங்கே ‘டாலா’. மலைமொழிகள் பலவற்றிலும் இந்த ‘ல’தான். தகாலோக்கில் ‘லபி’ என்றால் உதடு என்று பொருள். மணிலாவிலிருந்து புதிதாக வந்தவரிடம் இரவைப் பற்றிப் பேசினால் என்ன குழப்பம் நேரும் என்பதை உன் கற்பனைக்கே விட்டுவிடுகிறேன்.

உயிரொலியிலும் ஒரு சுவை இருக்கிறது. ஆறு என்ற எண்ணுக்கு இங்கே ‘அனெம்’ என்று எழுதுகிறார்கள். ஆனால் அந்த எகரத்தை நம் எகரம்போல உச்சரித்தால் வீட்டுக்காரம்மாளின் தாயார் தலையை ஆட்டி மறுக்கிறார். பலமுறை தோற்ற பிறகுதான் அது ஏறக்குறைய நம் குற்றியலுகரம் என்று தெரிந்தது. இதழைக் குவிக்காமல் ‘காசு’ என்பதன் இறுதி உகரத்தைச் சொல்கிறோமே, அந்த ஒலியைச் சொல்லின் நடுவில் வைத்தால் போதும். மூலமொழியின் அந்த உயிரொலி தகாலோக்கில் இகரமாகி ‘அனிம்’ என்றும், கபம்பங்கானில் அகரமாகி ‘அனம்’ என்றும் நிற்கிறது. பங்காசினான் அதைப் பெரும்பாலும் பழைய இடத்திலேயே வைத்திருக்கிறது.

அந்தத் தாயார்தான் எனக்கு எண்ணக் கற்றுக்கொடுத்தவர். சாகெய், டுவாரா, தலோரா, அபதிரா, லிமாரா என்று விரல் மடக்கினார். இறுதியில் ஒட்டியிருக்கும் ‘ரா’, ‘இரா’ பன்மை உருபு. அதை உரித்துவிட்டால் டுவா, தலோ, அபத், லிமா என்று குடும்பத்தின் பொது எண்கள் வெளிப்படுகின்றன. ‘லிமா’ என்றால் இங்கே கையும்தான். பசிபிக் நடுவில் ஹவாயிலும் ஐந்துக்கும் கைக்கும் ‘லிமா’ என்ற ஒரே சொல் என்பது உனக்கு நினைவிருக்கும். ஆனால் அதே மூதாட்டி மறுநாள் மீன்காரியிடம் பாங்குஸ் மீனுக்குப் பேரம் பேசியபோது ‘பெய்ன்டே’, ‘சிங்குவென்டா’ என்று ஸ்பானிய எண்களில் பேசினார். பணத்தை மட்டும் முந்நூறு ஆண்டுக்கு மேல் ஆண்டவர்களின் எண்களில்தான் எண்ணுவார்களாம்.

பிரதிப்பெயர்களைக் கேட்டால் நீ மகிழ்வாய். கேட்பவரை உள்ளடக்கிய ‘நாம்’ இங்கே ‘சிகதாயோ’. விலக்கிய ‘நாங்கள்’ ‘சிகாமி’. நமக்கு இல்லாத ஒன்றும் இருக்கிறது: நீயும் நானும் இருவர் மட்டும் என்பதற்கு ‘சிகதா’ என்று தனிச்சொல். இந்தக் கடிதம் முழுவதையும் பங்காசினானில் எழுதியிருந்தால் சிதம்பரத்து நினைவுகளை அந்தச் சொல்லில்தான் எழுதியிருப்பேன். இதை வைத்துக்கொண்டு தமிழோடு உறவு கொண்டாட யாரும் கிளம்பிவிடக் கூடாது. தொடர்பில்லாத மொழிகளிலும் இத்தகைய பாகுபாடு தானாகத் தோன்றும் என்பது நாம் படித்ததுதான். உண்மையான தொடர்பு வேண்டுமென்றால் ‘மங்கா’ இருக்கிறது. மாங்காயின் பெயர் நம் கரையிலிருந்து மலாய் வழியாக இத்தீவுகளுக்கு வந்து சேர்ந்தது.

இங்கே எனக்கு எரிச்சல் ஊட்டும் பழக்கம் இரண்டு. படித்தவர்கள்கூடப் பங்காசினானை ‘டயலெக்ட்’ என்றுதான் சொல்கிறார்கள். பத்து லட்சத்துக்கு மேற்பட்டோர் பேசும், 1865-லேயே கோஸ்காயா என்ற ஸ்பானியத் துறவியின் அகராதி அச்சேறிய மொழியை வட்டார வழக்கு என்று எப்படிச் சொல்வது? இன்னொன்று, இது மலாயிலிருந்து பிறந்தது என்ற நம்பிக்கை. தாய்வானில் தொடங்கி ஏறத்தாழ நான்காயிரம் ஆண்டுகளுக்கு முன் லூசோனுக்கு வந்து, பிறகு தெற்கும் கிழக்கும் மேற்கும் பரவிய பெருங்குடும்பத்தில் மலாயும் ஒரு பிள்ளை, பங்காசினானும் ஒரு பிள்ளை. புகழ்பெற்ற பிள்ளையைத் தாய் என்று எண்ணிவிடுகிறார்கள்.

மாகாணத்தின் மக்கள்தொகை 2020 கணக்கின்படி 31 லட்சத்துக்கு மேல். அதில் பாதிக்கும் குறைவானவர்களின் மொழிதான் இது. லிங்காயென், டாகுப்பன், கலாசியாவோ, சான் கார்லோஸ், மலாசிகி என்று நடுப்பகுதி இதன் கோட்டை. 19ஆம் நூற்றாண்டில் வடக்கிலிருந்து நிலம் தேடி வந்தவர்களோடு கிழக்குப் பகுதி இலோக்கானோவாக மாறிவிட்டது. ஆனால் இன்றைய கவலை அது அன்று. வீட்டுக்காரம்மாள் கணவரிடமும் தாயாரிடமும் பங்காசினானில் பேசுகிறார். ஏழு வயது மகனிடம் தகாலோக்கில் பேசுகிறார். பாட்டி எண்ணும்போது பேரன் புரிந்துகொள்கிறான், திருப்பிச் சொல்ல மறுக்கிறான். 2012-இல் தொடக்க வகுப்புகளில் தாய்மொழிவழிக் கல்வி வந்தபோது பங்காசினானும் அதில் இடம்பெற்றது. அக்டோபர் 2024-இல் வந்த சட்டம் அந்தக் கட்டாயத்தை நீக்கிவிட்டது. அந்த அம்மாளைக் குறைசொல்ல எனக்கு மனம் வரவில்லை. மகன் மணிலாவுக்குப் போக வேண்டும் என்கிறார்.

1971-இல் இம்மொழியின் இலக்கணத்தையும் அகராதியையும் வெளியிட்ட ரிச்சர்ட் பென்டன் பிறகு நியூசிலாந்தில் மாவோரி வீடுகளில் மொழிநிலையைக் கணக்கெடுத்தார். பெற்றோர் பேசியும் பிள்ளைகள் பேசாமற்போன வீடுகளை அந்தக் கணக்கெடுப்பு வெளிச்சத்துக்குக் கொண்டுவந்தது. அவருடைய இலக்கணம் உன் அலமாரியில் இருந்ததாக நினைவு. கிடைத்தால் பிரதிப்பெயர் அத்தியாயத்தைப் படமெடுத்து அனுப்பு.

மகளுக்குப் பரீட்சை முடிந்ததும் பாகியோவுக்குப் போகிறோம். அந்த லாரி ஓட்டுநர் தன் பாட்டியின் வீட்டுக்கு வரச் சொல்லியிருக்கிறார். இரவுக்கும் இரத்தத்துக்கும் அவர் என்ன சொல்கிறார் என்று கேட்டு எழுதுகிறேன். பாத்திகளை மறுபடியும் எப்போது மிதிக்கப்போகிறாய் என்று எழுது.

அன்புடன்,
உன் பழைய விடுதி அறைத்தோழன்