ஜூலை 5 பூசையில ஒரு பேர் சொல்லணும்: ஆயர் ஆண்டகைக்கு ஒரு மடல்

மதிப்பிற்குரிய ஆயர் ஆண்டகை அவர்களுக்கு, ஸ்தோத்திரம்.

போன ஜூலை 5 காலைப் பூசைக்கு முன்னாடி எங்க கோயில்ல ஒரு துண்டுச்சீட்டு குடுத்தேன். அன்னைக்கு ஸ்டேன் சாமி அடிகளாரோட நினைவு நாள், அவருக்காக விசுவாசிகள் மன்றாட்டுல ஒரே ஒரு வரி. வாங்கிப் பாத்துட்டு "இது பாலிடிக்ஸ்ங்க, கேஸ் வேற முடியல"ன்னு திருப்பிக் குடுத்துட்டாங்க. அன்னைக்கு புது கார் வாங்கினவங்களுக்கெல்லாம் வேண்டினோம் ஆண்டகை.

அவர் கதை உங்களுக்குத் தெரியாதது இல்ல. திருச்சி பக்கம் விரகாலூர்ல பொறந்து, 1957ல சேசு சபையில சேர்ந்து, ஜார்க்கண்ட்ல சாய்பாசா பக்கம் ஹோங்கிற ஆதிவாசி மக்களோட போய் இருந்து அவங்க பாஷையைக் கத்துக்கிட்டவர். நிலத்தை விட மாட்டோம்னு நின்ன ஆதிவாசிப் பசங்களை நக்சல்னு உள்ள தள்ளினப்போ, விசாரணைக் கைதிங்க 102 பேரைப் பத்தி ஆய்வு பண்ணி, அப்படிக் கிடக்கிறவங்களுக்காக ஹைகோர்ட்டுக்கும் போனார். கடைசியில பீமா கோரேகாவ் கேஸ்ல என்ஐஏ, அதாவது தேசியப் புலனாய்வு முகமை, கைது பண்ணி அவரே விசாரணைக் கைதி ஆகிட்டார், 2020 அக்டோபர்ல, 83 வயசுல.

எனக்கு மறக்க முடியாதது அந்த டம்ளர்தான். பார்க்கின்சன், கை நடுங்கும், டம்ளரை வாய்க்குக் கொண்டுபோக முடியாது. ஸ்ட்ராவும் உறிஞ்சுற கப்பும் கேட்டு நவம்பர் 6ஆம் தேதி கோர்ட்ல மனு போட்டா, பதில் சொல்லவே என்ஐஏக்காரங்க 20 நாள் டைம் கேட்டாங்க, 26ஆம் தேதி வந்து அந்தப் பொருள் எங்ககிட்ட இல்லன்னாங்க. கடையில பத்து ரூபா இருக்குமா ஒரு ஸ்ட்ரா? கூட இருந்த கைதிங்கதான் சாப்பிடவும் குளிக்கவும் ஒத்தாசை பண்ணினாங்க.

அடுத்த மே மாசம் ஆஸ்பத்திரி வேணாம், ராஞ்சியில என் ஆளுங்களோட இருக்க விடுங்கன்னு ஜட்ஜுங்ககிட்ட கேட்டார். திருச்சிக்காரர், என் ஆளுங்கன்னு சொன்னது ஆதிவாசிகளை. அதுவும் கிடைக்கல. ஜாமீன் வராமலே 2021 ஜூலை 5ல மும்பை ஆஸ்பத்திரியில போய்ச் சேர்ந்தார்.

அப்போ ஆயர்கள் அறிக்கை விட்டீங்க, இல்லன்னு சொல்லல. அப்புறம்? மறைபரப்பு ஞாயிறுக்கு மட்டும் கவர் கரெக்டா வீட்டுக்கு வந்துடுது, உள்ள பணம் வெச்சுக் குடுக்கணும், ஆனா அந்தப் பணம் போற மாதிரி ஊர்ல உயிரைக் குடுத்தவர் பேர் மட்டும் வாயில வராது. வேதசாட்சி புனித அருளானந்தரையும் ராஜாதான் ராமநாதபுரம் பக்கம் ஓரியூர்ல தலையை வெட்ட வெச்சார், 1693ல, அந்தச் செம்மண்ணை நெத்தியில பூசிக்கிறோமே, அவரும் சேசு சபைதானே, அது பாலிடிக்ஸ் இல்லையா, அந்தக் கேஸ் எந்தக் கோர்ட்ல முடிஞ்சுது?

கோவிச்சுக்காதீங்க ஆண்டகை, எங்கியோ போயிட்டேன். சிலை வைங்கன்னு கேக்கல, புனிதர் பட்டமும் கேக்கல. ஜூலை 5 பூசையில அவர் பேரைச் சொல்ல எல்லாப் பங்குக்கும் ஒரு சுற்றறிக்கை, அவ்ளோதான்.

சீட்டு என் ஜெபப் புத்தகத்துலயே இருக்கு. வர்ற வருசமும் கொண்டு வருவேன், தயவுசெஞ்சு வாங்கிக்கச் சொல்லுங்க.

இப்படிக்கு,
உங்க மறைமாவட்டத்து விசுவாசி